குமுறி: தண்டையார்பேட்டையிலிருந்து வரும் முழக்கப் பீரங்கிப் பெட்டி

தண்டையார்பேட்டையில் ஒரு சின்னப் பட்டறை. லேசரில் பெயர்ப்பலகை வெட்டுவது, கல்யாண மேடைக்கு எழுத்து வெட்டுவது என்று வேலை நடக்கும் இடம். அங்கிருந்து மேசை விளையாட்டுப் பெட்டி ஒன்று வருகிறது. பெயர் 'குமுறி'. கற்பனை உலகம் ஒன்றின் துறைமுகப் போர்தான் ஆட்டம். அந்தப் போரின் பீரங்கி குண்டு போடாது, ஓசையால் அடிக்கும். அதன் பெயரும் குமுறிதான். பெட்டிக்குள் விதிப்புத்தகமும் அட்டைப் படையும் இருக்கின்றன. கூடவே கிட்டத்தட்ட முக்கால் அடி நீளத்துக்கு ஒரு குமுறியும் உதிரிகளாக இருக்கிறது. அது அலங்காரப் பொம்மை இல்லை. பூட்டிப் பின்னால் தட்டினால் முன்னால் காற்று வளையம் புறப்பட்டு, எதிரே நிற்கும் அட்டைச் சிப்பாயைச் சாய்க்க வேண்டும். விலை 2,400 ரூபாய். இரண்டு முதல் நான்கு பேர் ஆடலாம், ஒரு ஆட்டம் ஒன்றரை மணி நேரம்.

விதி எழுதியவர்களுக்கு ஒலி எப்படி நடந்துகொள்ளும் என்று நன்றாகவே தெரிந்திருக்கிறது. கருவி செய்தவர்களும் விவரமானவர்கள்தான். ஆனால் முழங்குவதையும் காற்றைத் தள்ளுவதையும் ஒரே தோலிடம் கேட்டுவிட்டார்கள். பெட்டியின் பெரிய குறை அந்த ஒரு முடிவிலிருந்துதான் வருகிறது. சரிசெய்ய அதிகம் செலவாகாது. எப்படி என்று கீழே எழுதியிருக்கிறோம்.

முதலில் உலகம். பெயர் ஏழ்துறை. ஏழு துறைமுகங்கள், துறைக்கு ஒரு காவல்மரம், அதாவது துறையின் அடையாளமாகக் காத்து நிற்கும் மரம். ராத்திரியில் கடலிலிருந்து ஏறும் உப்புப்பனி இரும்பை விடியறதுக்குள் தின்றுவிடும் என்பது அந்த உலகத்தின் முதல் விதி. அதனால் வாள் கிடையாது, குண்டு கிடையாது, ஆணிகூடக் கிடையாது. மரம், தோல், வெண்கலம், கயிறு, அவ்வளவுதான். காசிமேட்டிலும் திருவொற்றியூரிலும் ஜன்னல் கம்பி மாற்றியவர்களுக்கு இந்தக் கற்பனைக்கு விளக்கமே தேவைப்படாது. ஓசைப் பீரங்கி வரும் கற்பனைகளில் பெரும்பாலும் 'வெடிமருந்து இருக்கும்போது இது எதுக்கு' என்ற கேள்வி பதிலில்லாமல் நிற்கும். இங்கே அதற்கு இரண்டே வரியில் பதில் சொல்லிவிட்டார்கள்.

அந்த உலகத்துக் குமுறி பெரியது. காவல்மரத்தின் அடிமரத்தைக் குடைந்த உடல், பின்பக்கம் மயிர் சீவாத எருதுத்தோல், முன்பக்கம் 2 மீட்டர் அகல வெண்கல வாய். எதிரி உங்கள் காவல்மரக் கட்டத்தில் மூன்று சுற்று நின்றுவிட்டால் மரம் அவனுக்கு. அடுத்த குமுறி அவன் பக்கம் ஏறும். பகைவனின் காவல்மரத்தை வெட்டி அதிலேயே தன் முரசைச் செய்துகொள்வது, எருதின் தோலை மயிர் சீவாமல் போர்த்துவது, இரண்டும் சங்கப் பாட்டுகளில் வரும் வழக்கங்கள். அவற்றை அப்படியே ஆட்ட விதியாக மாற்றியிருக்கிறார்கள். முரசு அடிக்கும் கோலுக்கும் 'குணில்' என்ற பழைய பெயரையே வைத்திருக்கிறார்கள். நல்ல சொல், பொருத்தமான இடத்தில் வந்திருக்கிறது.

ஒரு குமுறிக்கு ஆறு பேர். இரண்டு பேர் குணில் பிடிக்க, ஒருவர் வாயில் மாட்டும் துளைத்தட்டை, அதாவது வாய்த்தட்டை, மாற்ற, ஒருவர் தீச்சட்டியோடு நின்று தோலைக் காய்ச்ச, ஒருவர் காற்றுப் பார்க்க. ஆறாவது ஆள் எண்ணுபவர். எதிரிக் குமுறியின் குணில் ஓங்குவதைக் கண்ணால் பார்த்ததிலிருந்து முழக்கம் காதில் விழும் வரை எண்ணி, தூரத்தைச் சொல்வது அவர் வேலை. நம் ஊர்ச் சூட்டில், 31 டிகிரியில், ஒலி நொடிக்குச் சுமார் 350 மீட்டர் போகும். மூன்று எண்ணினால் ஒரு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேல். இந்த எண்ணிக்கையை இந்த ஊரிலேயே ஒருவர் செய்திருக்கிறார். மதராஸ் வானாய்வு நிலையத்தில் இருந்த ஜான் கோல்டிங்காம், 1820, 1821 ஆண்டுகளில், புனித ஜார்ஜ் கோட்டையிலும் பரங்கிமலையிலும் காலை மாலை சுடும் பீரங்கியின் ஒளியைப் பார்த்து, சத்தம் வந்துசேரும் வரை நொடிகளை எண்ணி ஒலியின் வேகத்தைக் கணக்கிட்டார். வெப்பம், ஈரம், காற்றின் திசை எல்லாவற்றையும் கூடவே குறித்துவைத்தார். 1823-ல் லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் அது வெளிவந்தது. எண்ணுபவர் அட்டையின் பின்பக்கம் இந்தச் செய்தியை நான்கு வரியில் அச்சிட்டிருக்கலாம். அடுத்த பதிப்பில் சேர்த்தால் மகிழ்ச்சி.

விதிகளில் எங்களுக்கு மிகவும் பிடித்தது, குமுறியால் யாரும் சாவதில்லை என்பது. அடிபட்ட படைக்குக் 'குலைவு' வில்லை விழும். ஒரு குலைவு என்றால் அந்தச் சுற்றில் கட்டளை கேட்காது. இரண்டு என்றால் அணி உடையும். மூன்று என்றால் ஓடும். ஓசை ஆயுதம் எடுப்பது உயிரை இல்லை, ஒழுங்கை. 1914 செப்டம்பர் 22 ராத்திரி ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன் வந்து சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டபோது செத்தவர்கள் மிகச் சிலர்தான். ஆனால் சத்தத்துக்கும் தீக்கும் பயந்து ஊரைவிட்டுக் கிளம்பியவர்கள் ஏராளம். கப்பலின் பெயர் இன்றைக்கும் நம் பேச்சில் ஒரு வசவாகவும் பாராட்டாகவும் நிற்கிறது. பெட்டியில் உள்ள ஐந்து களங்களில் 'இருட்டில் வந்த மரக்கலம்' என்பது இதன் சாயல்தான். கரையில் இரண்டு குமுறி, கடலில் ஒரே கப்பல், பன்னிரண்டு சுற்று. முதல் ஆட்டத்துக்கு அதையே எடுங்கள்.

தூரக் கணக்கையும் சரியாக வைத்திருக்கிறார்கள். ஆட்ட விரிப்பில் குமுறியிலிருந்து முதல் கட்டத்தில் அடியின் விசை 24, இரண்டாம் கட்டத்தில் 12, நான்காவதில் 6, எட்டாவதில் 3. தூரம் இரட்டித்தால் ஒலியழுத்தம் பாதி, அதாவது 6 டெசிபல் குறைவு. திறந்தவெளியில் நிஜமாகவே அப்படித்தான். 24-க்கு மேல் விசை ஏறவே ஏறாது என்றும் ஒரு விதி உண்டு. இதற்கும் அடிப்படை இருக்கிறது. காற்றில் ஒலி என்பது அழுத்தம் ஏறி இறங்குவது. இறங்கும் பக்கம் வெற்றிடம் வரைக்கும்தான் போக முடியும், அதற்குக் கீழே இடமில்லை. அந்த எல்லை சுமார் 194 டெசிபல். அதைத் தாண்டினால் அது ஒலி இல்லை, அதிர்ச்சி அலை. 'எவ்வளவு பேர் அடித்தாலும் இதற்கு மேல் இல்லை' என்று எழுதியவர் இதைத் தெரிந்துதான் எழுதியிருக்கிறார்.

சுருதி மூன்று. கீழ்ச்சுருதி அரைவட்டமாகப் பரவும், பாதி விசையோடு பின்பக்கமும் அடிக்கும். உங்கள் ஆட்களுக்கும் குலைவு விழும். மேல்சுருதி 30 டிகிரி ஆப்புக்குள் அடங்கும். 2 மீட்டர் வாய்க்கு இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தோம். 1,000 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் சுமார் 35 செ.மீ.; கற்றையின் மொத்த விரிவு 25 டிகிரிக்குப் பக்கத்தில் வருகிறது. 200 ஹெர்ட்ஸுக்கு அலைநீளம் வாய் அகலத்தையே நெருங்கிவிடுவதால் கற்றை என்று ஒன்று உருவாகவே செய்யாது. ஆட்டத்தின் எண்கள் இதோடு ஒத்துப்போகின்றன. காற்று விதியும் சரி: காற்றோடு போனால் இரண்டு கட்டம் கூடுதல், எதிர்த்தால் நான்கு கட்டத்துக்கு அப்பால் ஒன்றுமில்லை. தரையருகே காற்றின் வேகம் குறைவு, மேலே அதிகம். அதனால் காற்றோடு போகும் ஒலி தரைப் பக்கம் வளையும், எதிர்த்துப் போவது வானத்துப் பக்கம் வளைந்து கீழே நிழல் விட்டுவிடும்.

இரண்டு விதி தவறு. பனி மூட்டத்தில் மேல்சுருதி பாதியாகும் என்கிறது புத்தகம். நிஜத்தில் சில கிலோஹெர்ட்ஸ் சுருதிகளை அதிகம் உறிஞ்சுவது வறண்ட காற்றுதான். ஈரக்காற்றில் அவை நன்றாகவே போகும். ஏழ்துறை முழுக்கப் பனி என்பதால் இந்தத் தவறு ஆட்டத்தையே சாய்க்கிறது, மேல்சுருதியை யாரும் எடுப்பதில்லை. பனிக் குறைப்பை எடுத்துவிட்டு ஆடுங்கள். இன்னொன்று, மரக்கேடயம் எல்லாச் சுருதியையும் தடுக்கும் என்பது. கீழ்ச்சுருதி கேடயத்தைச் சுற்றிக்கொண்டு வந்துவிடும். பதுங்குகுழிக்கு இதைச் சரியாகச் சொன்ன அதே புத்தகம் கேடயத்தில் கோட்டைவிட்டது. மேல்சுருதிக்கு முழுத்தடுப்பு, இடைச்சுருதிக்குப் பாதி, கீழ்ச்சுருதிக்கு இல்லை என்று வைத்துக்கொண்டால் மூன்று சுருதிக்கும் வேலை வருகிறது.

இனி பெட்டி. 3 மி.மீ. எம்டிஎஃப் பலகையில் (மரநாரைப் பசையோடு அழுத்திச் செய்தது) வெட்டிய நான்கு தாள், மொத்தம் 46 துண்டு. குமுறியின் உடலுக்கு 110 மி.மீ. பிவிசி குழாய், 25 செ.மீ. நீளம். ஆட்டுத்தோல் கட்டிய பின்வளையம் ஒன்று, அதை இறுக்க நான்கு காது நட்டு. வாய்த்தட்டு மூன்று: 40, 55, 70 மி.மீ. துளை. குணில் ஒன்று. 300 ஜிஎஸ்எம் அட்டையில் 40 சிப்பாய், ஐந்து செ.மீ. உயரம். மூன்றடிக்கு நாலடி ஃப்ளெக்ஸில் அறுகோணக் கட்டம். 32 பக்கப் புத்தகம். குலைவு வில்லைகள் ஒரு பொட்டலம். துண்டுகளுக்கு எண் போட்டிருக்கிறார்கள். 31, 32 மட்டும் எண் மாறிக் கிடக்கிறது. சக்கரத்தின் ஆரக்கால்கள் பொருந்தாமல் நின்றால் அவை இரண்டையும் மாற்றிப் போடுங்கள்.

ஃப்ளெக்ஸ் சுருண்டே வரும். தலைகீழாகச் சுருட்டி ஒரு ராத்திரி வைத்தால் படிந்துவிடும். இஸ்திரிப் பெட்டி வைக்கவே கூடாது.

பூட்டுவதற்கு முன்னால் எம்டிஎஃப் துண்டுகளின் ஓரத்தை மூடிவிட வேண்டும். புத்தகத்தில் இதைச் சொல்லவில்லை. வடசென்னையில் கடலோரம் இருப்பவர்களுக்கு இது கட்டாயம். எம்டிஎஃப்பின் முகம் ஈரத்தைத் தாங்கும், வெட்டிய ஓரம் தாங்காது. ஐப்பசி அடைமழையில் ஓரம் உப்பி, சக்கரம் அச்சில் சிக்கிக்கொள்ளும். ஃபெவிகாலில் பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்து ஓரங்களில் மட்டும் ஒரு பூச்சு. காய்ந்ததும் 220 நம்பர் உப்புத்தாளால் லேசாகத் தேய்த்து இன்னொரு பூச்சு. லேசர் கரியைத் துடைக்காமல் பூசினால் ஃபெவிகால் கரியைத்தான் பிடிக்கும், மரத்தை இல்லை. ஈரத்துணியால் துடைத்து நன்றாகக் காயவிட்டுப் பூசுங்கள்.

பிவிசி குழாயில் நேராகப் பெயின்ட் அடித்தால் ஒரு வாரத்தில் செதில் செதிலாக வரும். 120 நம்பர் தாளால் பளபளப்பு முழுக்கப் போகும் வரை தேய்த்து, பிரைமர் ஒரு கோட் அடித்து, பிறகு நிறம். பிவிசியையும் எம்டிஎஃப்பையும் ஒட்ட ஃபெவிகால் உதவாது. இரண்டு டியூப் கலக்கும் எபாக்ஸிதான் சரி. ஒட்டும் இடத்தையும் முதலில் தேய்த்துச் சொரசொரப்பாக்குங்கள். கலந்த பிறகு ஒரு நாள் தொடாமல் விடுங்கள்.

அடுத்தது கசிவு. வாய்த்தட்டுப் பிடிப்பான் குழாயோடு சேரும் இடத்தில் அரை மி.மீ. இடைவெளி எல்லாப் பெட்டியிலும் இருக்கும்போலத் தெரிகிறது. நாங்கள் பார்த்த மூன்றிலும் இருந்தது. குளியலறைக்குப் பூசும் சிலிக்கான் பசையை உள்பக்கமாக ஒரு வரி இழுத்து விரலால் வழித்துவிட்டால் அடைந்துவிடும். அடைந்ததா என்று பார்க்க, வாயைக் கையால் மூடிக்கொண்டு பின்னால் மெல்லத் தட்டி, மூட்டோரமாக ஊதுபத்திப் புகையைக் காட்டுங்கள். புகை ஆடினால் இன்னும் கசிகிறது.

இப்போது தோலுக்கு வருவோம். வளையம் எப்படிப் பிறக்கிறது என்று தெரிந்தால்தான் இது புரியும். பின்னால் தோல் உள்ளே நகரும்போது அதே அளவு காற்று முன்துளை வழியே வெளியே தள்ளப்படும். துளையின் விளிம்பில் உரசும் காற்று சுருண்டு, வடைபோல உருண்டு, தன் சுழற்சியாலேயே முன்னால் நகரும். அது ஒலி இல்லை. ஒலி முன்னாலேயே போய்ச் சேர்ந்துவிடும். வளையம் மெல்லப் பின்னால் வரும். ஆட்ட விதியும் இதைப் பிரித்துத்தான் வைத்திருக்கிறது: முழக்கம் அதே சுற்றில், வளையம் இரண்டு சுற்று கழித்து. ஆலங்கட்டியைத் தடுப்பதாக நம்பி 1896-ல் ஆஸ்திரியாவில் ஆல்பர்ட் ஸ்டீகர் நிறுத்திய கூம்பு வாய்ப் பீரங்கிகளும் இப்படி முழக்கத்தையும் காற்று வளையத்தையும் சேர்த்தே மேலே விட்டன. ஆலங்கட்டி அதற்கு அடங்கியது என்பதற்கு ஆதாரம் கிடைக்கவில்லை, ஆனால் வளையங்கள் நிஜம்.

வளையம் திடமாக இருக்க ஒரு கணக்கு உண்டு. துளை வழியே தள்ளப்படும் காற்றை ஒரு உருளை என்று வைத்துக்கொண்டால், அதன் நீளம் துளை விட்டத்தைப்போல நான்கு மடங்கு வரைக்கும் வளையத்துக்குள் சேரும். அதற்கு மேல் தள்ளினால் மிச்சம் வாலாகத் தொங்கிப்போகும். மிகக் குறைவாகத் தள்ளினால் வளையம் மெலிந்து வழியிலேயே கலைந்துவிடும்.

இப்போது பெட்டியின் அளவுகளைப் போட்டுப் பாருங்கள். குழாயின் உள் குறுக்குப் பரப்பு சுமார் 85 சதுர செ.மீ. நன்றாக இழுத்துக் கட்டிய ஆட்டுத்தோலை ஓங்கி அடித்தால் நடுவில் ஒரு செ.மீ. நகரும், ஓரத்தில் ஒன்றுமே நகராது. மொத்தம் தள்ளுவது 35 மில்லி காற்று. 40 மி.மீ. துளையில் அந்தக் காற்று மூன்று செ.மீ. நீளம்கூட வராது, விட்டத்தைவிடக் குறைவு. 70 மி.மீ. துளையில் ஒரு செ.மீ.கூட இல்லை. 70 தட்டு போட்டு எத்தனை முறை தட்டினாலும் வளையம் வராததற்கு இதுதான் காரணம். உங்கள் கைமேல் தவறில்லை. 40 தட்டிலும் ஒரு கை தூரத்துக்கு அப்பால் சிப்பாய் சாய்வதில்லை.

தோலைத் தளர்த்தினால் கூடுதலாக நகரும். ஆனால் தளர்ந்த தோல் முழங்காது, 'பொத்' என்று விழும். முழங்கும் அளவுக்கு இறுகிய தோல் காற்றைத் தள்ளாது, காற்றைத் தள்ளும் அளவுக்குத் தளர்ந்தது முழங்காது. பட்டறைக்காரர்கள் நடுவாந்தரமாக இறுக்கி அனுப்புகிறார்கள். அதனால் இரண்டும் அரைகுறை.

தீர்வு, இரண்டு பின்வளையம் வைத்துக்கொள்வதுதான். காது நட்டு நான்கையும் கழற்றினால் வளையம் கையோடு வந்துவிடும். மாற்ற ஒரு நிமிஷம் போதும். இந்த நட்டு வைத்த யோசனைக்குப் பாராட்டு. பட்டறையிலேயே வெறும் பின்வளையம் 60 ரூபாய்க்குக் கிடைக்கிறது. பெரிய பலூன் ஒன்றின் கழுத்தை வெட்டிவிட்டு வளையத்தின் மேல் சுருக்கமில்லாமல் போர்த்துங்கள். இழுத்து விறைப்பாக்க வேண்டாம், தட்டையாக நின்றால் போதும். சைக்கிள் டியூபில் விரலகலத்துக்கு ஒரு பட்டை வெட்டி ஓரத்தில் மாட்டினால் நழுவாது. நடுவில் பாட்டில் மூடி ஒன்றை டபுள் டேப்பால் ஒட்டிப் பிடியாக்குங்கள். குணில் வேண்டாம், மூடியைப் பிடித்து மூன்று செ.மீ. பின்னால் இழுத்துச் சட்டென்று விடுங்கள். அந்த இழுப்பு சுமார் 85 மில்லி காற்றைத் தள்ளும். 40 தட்டில் உருளை கிட்டத்தட்ட ஏழு செ.மீ. ஆகிவிடும், வளையம் திடமாக வரும்.

இன்னும் நல்லது 30 மி.மீ. துளை. 85 மில்லிக்கு அங்கே 12 செ.மீ. வருகிறது, சரியாக நான்கு மடங்கு. இந்த அளவு தட்டு பெட்டியில் இல்லை. பட்டறையில் சொன்னால் வெட்டித் தருகிறார்கள். நீங்களே செய்வதானால் பாரிமுனைப் பக்கம் தேவராஜ முதலி தெருவில் அக்ரிலிக் துண்டு வாங்கி வெட்டக் கொடுக்கலாம். எம்டிஎஃப்பைவிட அக்ரிலிக் மேல், துளை விளிம்பு சுத்தமாக வரும். விளிம்பில் நார் துருத்தியிருந்தால் வளையம் ஒரு பக்கமாகச் சாய்ந்தே போகும். உள்ள எம்டிஎஃப் தட்டுகளையும் 400 நம்பர் தாளால் விளிம்பைத் தேய்த்து, வார்னிஷ் ஒரு சொட்டு தடவிக்கொள்ளுங்கள். ரப்பரும் 30 தட்டும் போட்டால் இரண்டரை மீட்டரில் சிப்பாய் விழுகிறான். பெட்டியின் அட்டையில் போட்டிருக்கும் படம் அப்போதுதான் உண்மையாகிறது.

வாய்த்தட்டு பற்றி இன்னொரு குளறுபடி. பெரிய துளை கீழ்ச்சுருதி, சின்னத் துளை மேல்சுருதி என்று தட்டில் பொறித்திருக்கிறார்கள். கையில் உள்ள கருவியில் தோலைத் தட்டிக் கேளுங்கள், நேர்மாறாக இருக்கும். குழாயும் துளையும் சேர்ந்து ஒரு குடம்போல ஒலிக்கின்றன. வாய் அகன்றால் சுருதி ஏறும், குறுகினால் இறங்கும். கடம் வாசிப்பவர் வாயை வயிற்றோடு அழுத்தி மூடினால் சுருதி இறங்குவது இதே காரணத்தால்தான். கணக்குப்படி 70 துளைக்குச் சுமார் 300 ஹெர்ட்ஸ், 40 துளைக்குச் சுமார் 220. விதிப்புத்தகத்தின் 2 மீட்டர் வெண்கல வாய் வேறு வகை, அது விரியும் கொம்பு. அங்கே பெரிய வாய்க்குக் கீழ்ச்சுருதி பொருந்தும். பொறித்ததை மாற்ற வேண்டியதில்லை, குழம்பாமல் இருக்கச் சொல்கிறோம்.

தோல் வளையத்தைப் பராமரிக்கும் முறை. மழைநாளில் தொளதொளவென்று ஆகிவிடும். பறையடிப்பவர்கள் வைக்கோல் தீயில் காய்ச்சுவதைப் பார்த்துவிட்டு அடுப்பில் காட்டாதீர்கள். இங்கே தோல் உட்கார்ந்திருப்பது எம்டிஎஃப் மேல். வளையத்தைத் தனியாகக் கழற்றிப் பத்து நிமிஷம் வெயிலில் வையுங்கள், அல்லது தலைமுடி உலர்த்தும் கருவியை ஒரு சாண் தள்ளிப் பிடித்து இரண்டு நிமிஷம் காட்டுங்கள். எண்ணெய் தடவக் கூடாது. கிழிந்தால் மாற்றுத் தோலுக்குப் பெரியமேட்டுக்கு ஓடுபவர்கள் கவனிக்க: அங்கே பெரும்பாலும் கிடைப்பது செருப்புக்கும் பைக்கும் பதனிட்ட தோல். அது முழங்காது. பதனிடாமல் உலர்த்திய மேளத்தோல்தான் வேண்டும், மேளம் பழுதுபார்ப்பவரிடம் கேளுங்கள். பட்டறையிலும் கட்டித் தருகிறார்கள், 150 ரூபாய்.

ஆடும்போது மின்விசிறி ஓடக் கூடாது. மேலிருந்து இறங்கும் காற்று வளையத்தைப் பாதி வழியில் கலைத்துவிடும். 'ஃபேனை நிறுத்துப்பா' என்று யாராவது ஒருவர் ஒவ்வொரு முறையும் கத்த வேண்டியிருக்கும். மதியத்துக்கு மேல் கடற்காற்று எழும்பும், கிழக்கு ஜன்னலைச் சாத்துங்கள். ஏப்ரல், மே மாதங்களில் இது நல்ல வேதனை. காலை ஏழு மணிக்கோ ராத்திரி எட்டு மணிக்குமேலோ வைத்துக்கொள்வது உத்தமம்.

வளையம் கண்ணுக்குத் தெரிய வேண்டுமென்றால் கப் சாம்பிராணி ஒன்றைத் தட்டில் வைத்து ஏற்றி, அதன் மேல் குழாய் வாயை ஒரு சாண் உயரத்தில் சாய்த்து இருபது நொடி புகை பிடியுங்கள். கங்கு குழாய்க்குள் போகக் கூடாது, பலூனுக்குப் பக்கத்திலும் வரக் கூடாது. முதல் இழுப்பில் புகை சிதறும். இரண்டாவது, மூன்றாவது இழுப்பில் வளையம் தெளிவாக வரும். ஆட்டத்துக்கு இது தேவையில்லை. ஆனால் ஒரு முறை பார்த்துவிட்டால் எவ்வளவு இழுக்க வேண்டும் என்று கைக்குப் பிடிபட்டுவிடும். வளையம் தள்ளாடினால் துளை விளிம்பைப் பாருங்கள். பின்னால் புகை வால் நீண்டால் இழுப்பு அதிகம். பிறந்த இடத்திலேயே கரைந்தால் இழுப்பு குறைவு, அல்லது கசிவு.

தோல் வளையம் போட்டு அடிக்கும்போது வாய்க்கு நேராக யார் காதும் இருக்கக் கூடாது. குழந்தைகள் ஆடினால் ஒரு மீட்டர் கோடு போட்டு அதற்குள் வராமல் பாருங்கள். புத்தகமும் இதைச் சொல்கிறது, ஆனால் 29-ஆம் பக்கத்தில், சின்ன எழுத்தில். முதல் பக்கத்தில் இருக்க வேண்டிய செய்தி அது.

கடை பற்றி. தண்டையார்பேட்டை மெட்ரோவில் இறங்கினால் நடந்து பத்து நிமிஷம். முன்பே போனில் சொல்லிவிட்டுப் போனால்தான் பெட்டி கிடைக்கும். இருப்பு வைத்துச் செய்வதில்லை, வாரம் நாலைந்துதான். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கடை வாசலில் மேசை போட்டு ஆட்டம் சொல்லிக்கொடுக்கிறார்கள், காசு கிடையாது. குறை சொன்னால் வாங்கிக்கொள்கிறார்கள். வாய்த்தட்டுப் பிடிப்பான் கோணலாக வந்த பெட்டிக்கு மறுபேச்சில்லாமல் அன்றைக்கே புதிதாக வெட்டித் தந்தார்கள். கூரியரில் வாங்குவதென்றால் தோல் வளையத்தைத் தனியாகப் பொட்டலம் கட்டச் சொல்லுங்கள். குழாயோடு சேர்த்துக் கட்டினால் போகும் வழியில் குழாய் விளிம்பே தோலைக் குத்திவிடுகிறது.

பத்து வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு விதிகள் கனம். அவர்களுக்கு வளையம் விட்டுச் சிப்பாய் சாய்ப்பதே போதும். பூட்டும் வேலையே பிடிக்காதவர்களுக்கு 600 ரூபாய் கூடுதலாக வாங்கிக்கொண்டு முழுசாகப் பூட்டி, பெயின்ட் அடித்துக் கொடுக்கிறார்கள். அப்படி வாங்குவதானாலும் எம்டிஎஃப் ஓரம் மூடியதா, சிலிக்கான் வரி இழுத்ததா என்று கேட்டு வாங்குங்கள். ஆட்டம் முடிந்ததும் பலூன் வளையத்தைக் கழற்றி, ரப்பரில் கொஞ்சம் முகப்பவுடர் தடவி, வெயில் படாத இடத்தில் வையுங்கள். மாட்டியபடியே விட்டால் சீக்கிரமே ரப்பர் பிசுபிசுத்து வளையத்தோடு ஒட்டிக்கொள்ளும்.